வாசகர் கேள்வி – பதில்: அகதிகளின் முன் கேமராவை வைக்கும்போது

இடம்பெயர்ந்த மக்களைப் பற்றிய ஆவணப்படங்கள் குறித்துச் சென்ற இதழில் வெளியான கட்டுரையைத் தொடர்ந்து வாசகர்கள் பலர் எழுதியிருந்தார்கள். படம் எடுக்கத் தொடங்கியிருப்பவர்களின் கேள்விகளுக்கு முன்னுரிமை கொடுத்து, அவற்றில் சிலவற்றுக்கு இங்கே பதில் எழுதுகிறேன்.

கேள்வி: போரினால் நாட்டை விட்டு வெளியேறிய ஒரு குடும்பத்தைப் பற்றி என் முதல் ஆவணப்படத்தை எடுக்கவிருக்கிறேன். அந்தக் குடும்பத்தின் தாய் பேசச் சம்மதித்துவிட்டார். ஆனால் அவர்கள் வீட்டை விட்டு ஓடிய அந்த நாளைப் பற்றி எப்படிக் கேட்பது? கேட்கவும் பயமாக இருக்கிறது. கேட்காவிட்டால் படமே இல்லை என்றும் தோன்றுகிறது. (காட்சித் தொடர்பியல் மாணவி)

பதில்: உங்கள் பயம் நல்ல பயம், அது உங்களோடு இருக்கட்டும். கேட்காவிட்டால் படமே இல்லை என்ற எண்ணத்தை மட்டும் ஒதுக்கி வையுங்கள். இடப்பெயர்வு ஒரே நாளில் நடந்து முடிந்துவிடுவதில்லை. ஓடிய நாளுக்கு முன்னால் ஒரு வாழ்க்கை இருந்தது. ஓடிய பிறகு, பெரும்பாலும் அதைவிட நீண்டதாக, காத்திருப்பு ஒன்று தொடங்குகிறது. புகலிடம் கேட்டுக் கொடுத்த விண்ணப்பம் என்ன ஆனது என்று தெரியாமை, வேலை செய்ய அனுமதி இல்லாமை, பிரிந்த உறவினர் உயிரோடு இருக்கிறாரா என்ற ஐயம் ஆகியவை போரின் நினைவுகளோடு சேர்ந்து அகதிகளின் மனநலத்தை அழுத்துகின்றன என்று இத்துறை ஆய்வாளர்கள் பல ஆண்டுகளாகச் சொல்லி வருகிறார்கள். அந்தக் காத்திருப்பு உங்கள் கேமராவின் முன் இப்போதே நடந்துகொண்டிருக்கிறது. அதைப் படமாக்க யாரையும் அழவைக்க வேண்டியதில்லை.

ஒரு காட்சியை எண்ணிப் பாருங்கள். அந்தத் தாய் ஒரு பிளாஸ்டிக் உறையைத் திறந்து, உள்ளிருக்கும் காகிதங்களை ஒவ்வொன்றாகத் தரையில் பரப்புகிறார். பிள்ளையின் பிறப்புச் சான்றிதழ், தண்ணீர்பட்டு மை கலைந்த பள்ளி மதிப்பெண் பட்டியல், மூன்று மொழிகளில் முத்திரை குத்தப்பட்ட பதிவுச் சீட்டு. எதை எதற்கு மேல் வைக்கிறார், எதை எடுத்ததும் உடனே திரும்ப உறைக்குள் செருகிவிடுகிறார் என்பதை நெருக்கமாக, அவசரப்படாமல் படம்பிடித்தால், ஓடும்போது எதைக் கையில் எடுத்தார்கள், எதை விட்டார்கள் என்ற கேள்விக்கான பதில் அவர் வாய் திறப்பதற்கு முன்பே வந்துவிடும். ஏதாவது ஒரு காகிதத்தைக் காட்டி, "இதைப் பற்றிச் சொல்ல விரும்புகிறீர்களா அம்மா?" என்று கேளுங்கள். அவர் வேண்டாம் என்றால் அடுத்த காகிதத்துக்குப் போய்விடுங்கள்.

வேண்டாம் என்று சொல்ல முடிவதுதான் இங்கே மிக முக்கியமானது. வீட்டையும் ஊரையும் இழந்தவரிடமிருந்து முதலில் பறிக்கப்படுவது, தன் வாழ்க்கையில் அடுத்து என்ன நடக்கும் என்று முடிவெடுக்கும் உரிமை. படப்பிடிப்பிலும் நாமே எல்லாவற்றையும் முடிவு செய்தால், ஏற்கெனவே நடந்ததைத்தான் சிறிய அளவில் திரும்பச் செய்கிறோம். ஆகவே எங்கே உட்காருவது, யார் உடன் இருப்பது, எப்போது நிறுத்துவது ஆகியவற்றை அவரிடமே விடுங்கள். கதவு அவர் கண்ணில் படும்படி இருக்கை இருக்கட்டும். விளக்குகளாலும் ஸ்டாண்டுகளாலும் வழியை அடைக்காதீர்கள். கையை உயர்த்தினால் கேமரா நின்றுவிடும் என்று முன்கூட்டியே பேசிக்கொள்ளுங்கள். முதல் நாளிலேயே ஒருமுறை உண்மையாக நிறுத்தியும் காட்டுங்கள், அப்போதுதான் அவர் அதை நம்புவார்.

அவராகவே அந்த நாளைப் பற்றிப் பேசத் தொடங்கினால் குறுக்கிடாமல் கேளுங்கள். கொடிய அனுபவங்களின் நினைவு பெரும்பாலும் கோவையாக வராது. ஒரு வாசனையோ ஓசையோ துல்லியமாக நிற்கும், தேதியும் வரிசையும் குழம்பியிருக்கும். "அது முன்பா, இது முன்பா?" என்று விசாரணை அதிகாரியைப் போல நெருக்கக் கூடாது. புகலிட நேர்காணல்களில் அந்தக் கேள்விகளை அவர் போதுமான அளவு எதிர்கொண்டிருப்பார். மைக் சரியாகப் பதிவாகவில்லை, மறுபடியும் ஒருமுறை சொல்லுங்கள் என்று கேட்கும் நிலை ஒருபோதும் வரக்கூடாது. மகனை இழந்ததைச் சொல்லி முடித்த ஒருவரிடம், பின்னால் மோட்டார் சத்தம் வந்துவிட்டது என்று அதையே திரும்பச் சொல்லச் சொல்வதைவிடக் கொடுமையானது ஆவணப்படத் துறையில் அதிகம் இல்லை. ஒலிப்பதிவாளரை ஒரு மணி நேரம் முன்னதாக அனுப்புங்கள். அப்படியும் ஒலி கெட்டுப்போனால், கெட்ட ஒலியோடு பயன்படுத்துங்கள், அல்லது விட்டுவிடுங்கள்.

அன்றைய உரையாடலை ஓடிய நாளின் நினைவிலேயே முடித்துவிட்டு எழுந்து வராதீர்கள். இன்றைய பொழுதுக்கு, பிள்ளைகளின் படிப்புக்கு, நாளைய வேலைக்குப் பேச்சைத் திருப்பிக் கொண்டுவந்த பிறகு கேமராவை அணையுங்கள். அணைத்த பிறகும் சிறிது நேரம் அங்கே இருங்கள்.

கேள்வி: மனதில் உள்ளதைக் கொட்டிவிட்டால் பாரம் குறையும் என்பார்களே. அப்படியானால் ஆவணப்படத்தில் பேசுவதே அகதிகளுக்கு ஒரு சிகிச்சையாகாதா? (சமூகப்பணித் துறை வாசகர்)

பதில்: ஆகும் என்று யாருக்கும் வாக்குக் கொடுக்காதீர்கள். பேசியபின் மனம் லேசானதாகச் சொல்பவர்கள் உண்டு. பேசிய இரவிலிருந்து தூக்கம் கெட்டவர்களும் உண்டு. பேரிடரைச் சந்தித்தவர்களை உடனடியாக உட்காரவைத்து நடந்ததை விவரமாகச் சொல்லவைக்கும் முறையைத் தடுப்பு சிகிச்சையாகப் பயன்படுத்த வேண்டாம் என்று உலக சுகாதார நிறுவனம் 2013-இல் வெளியிட்ட வழிகாட்டுதலில் தெளிவாகக் கூறியிருக்கிறது. வாழ்க்கைக் கதையை முறையாகச் சொல்லவைக்கும் சிகிச்சை ஒன்று அகதிகளுக்கென்றே உருவாக்கப்பட்டிருப்பது உண்மைதான். ஆனால் அதைப் பயிற்சி பெற்றவர்கள், பல அமர்வுகளில், பேசுபவரின் நலனை மட்டுமே நோக்கமாகக் கொண்டு நடத்துகிறார்கள். நமக்குப் படம் என்ற இன்னொரு நோக்கம் இருக்கிறது. அதை மறைத்து மருத்துவரின் தொனியில் பேசுவது நேர்மையாகாது. படப்பிடிப்பைத் தொடங்கும் முன்பே, அவருடைய மொழியில் பேசக்கூடிய மனநல ஆலோசகர் யார், எப்படி அணுகுவது என்பதை விசாரித்து வைத்துக்கொள்வது நம் கடமை.

கேள்வி: நான் எடுத்த படத்தில் பேசிய பெண்மணி ஒப்புதல் படிவத்தில் கையெழுத்திட்டவர். படத்தொகுப்பு முடிந்த நிலையில், தன் பகுதியை நீக்கிவிடும்படி கேட்கிறார். அவர் இல்லாமல் படம் நிற்காது. சட்டப்படி என் பக்கம் நியாயம் இருக்கிறது. என்ன செய்வது? (சுயாதீன இயக்குநர்)

பதில்: சட்டத்தைச் சற்று ஒதுக்கிவிட்டு, அவர் எந்த நிலையில் கையெழுத்திட்டார் என்று யோசியுங்கள். முகாமிலோ தற்காலிகக் குடியிருப்பிலோ இருப்பவர், வெளியிலிருந்து வருகிற யார் கையில் என்ன அதிகாரம் இருக்கிறது என்று அறியாதவர். படத்தில் பேசினால் தன் விண்ணப்பம் வேகமாக நகரும், மறுத்தால் உதவி நின்றுபோகும் என்று அவர் நினைத்திருக்கலாம். நீங்கள் அப்படிச் சொல்லாவிட்டாலும், உங்களை அழைத்துச் சென்றவர் தொண்டு நிறுவனத்தின் அடையாள அட்டையை அணிந்திருந்தால் அதுவே போதும். இத்தகைய ஒப்புதலை ஒரே கையெழுத்தில் முடிந்துபோனதாக என்னால் கருத முடியாது. படப்பிடிப்புக்கு முன் ஒருமுறை, பேசி முடித்த சில நாட்களுக்குப் பின் ஒருமுறை, தொகுத்த வடிவத்தைக் காட்டி ஒருமுறை எனக் குறைந்தது மூன்று கட்டங்களில் கேட்க வேண்டும். எந்தத் தேதிவரை விலகலாம் என்பதையும் முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும்.

இப்போது முதலில் காரணத்தைக் கேளுங்கள். பெரும்பாலும் அச்சம்தான் காரணமாக இருக்கும். ஊரில் இன்னும் இருக்கும் உறவினருக்கு ஆபத்து வரலாம். புகலிட விசாரணையில் சொன்னதற்கும் படத்தில் சொன்னதற்கும் இடையே ஒரு சிறு முரண் இருந்தாலும் அதை அதிகாரிகள் அவருக்கு எதிராகப் பயன்படுத்தக்கூடும். ஜோனாஸ் போஹர் ராஸ்முசென் இயக்கிய 'ஃப்ளீ' (2021) என்ற டேனிஷ் ஆவணப்படத்தின் நாயகர், சிறுவனாக டென்மார்க்கை அடைந்தபோது, கடத்தல்காரர்கள் சொல்லிக்கொடுத்தபடி தன் குடும்பம் முழுவதும் இறந்துவிட்டதாகவே சொல்லியிருந்தார். உண்மையைச் சொல்ல அவருக்குப் பல ஆண்டுகள் தேவைப்பட்டன. இயக்குநர் அவருடைய பள்ளிக்கால நண்பராக இருந்தும் காத்திருந்தார். பெயரை மாற்றி, முகத்தை அனிமேஷனாக்கி, அவருடைய சொந்தக் குரலை மட்டும் வைத்துக்கொண்டார். அந்தப் படம் ஆஸ்கரில் மூன்று பிரிவுகளில் பரிந்துரைக்கப்பட்டது என்பதை, முகம் இல்லாவிட்டால் உணர்ச்சி போய்விடும் என்று வாதிடும் தயாரிப்பாளர்களிடம் தயங்காமல் சொல்லலாம்.

ஆகவே நீக்குவது, அப்படியே வைத்திருப்பது என்ற இரண்டுக்கும் நடுவில் பல வழிகள் உண்டு. முகத்தை மங்கலாக்குவது அவற்றில் மிகவும் பலவீனமானது, ஏனென்றால் குரல், நடை, கையிலுள்ள தழும்பு, ஜன்னலுக்கு வெளியே தெரியும் கட்டடம், பின்னணியில் யாரோ அழைக்கும் பெயர் ஆகியவை அவரைத் தெரிந்தவர்களுக்குப் போதும். ரஷ்யாவின் செச்சென்யா பகுதியிலிருந்து தப்பியவர்களைப் பற்றிய 'வெல்கம் டு செச்சென்யா' (2020) படத்தில் டேவிட் ஃபிரான்ஸ், தன்னார்வலர்களின் முகங்களைக் கணினி மூலம் பொருத்தி, பார்வையும் சிரிப்பும் அழுகையும் குறையாமல் அடையாளத்தை மட்டும் மாற்றினார். அவ்வளவு செலவு செய்ய முடியாவிட்டால் அவர் சொற்களை வேறொருவரின் குரலில் வாசிக்கவைக்கலாம். இவற்றில் எதுவும் அவருக்குச் சம்மதமில்லை என்றால் நீக்கிவிடுங்கள். அவர் இல்லாமல் படம் நிற்காது என்கிறீர்கள்; அப்படியென்றால் அது அவருடைய படமும்தான்.

1984-இல் பாகிஸ்தானின் நாசிர் பாக் அகதி முகாமில் எடுக்கப்பட்டு, 1985 ஜூன் மாத 'நேஷனல் ஜியாகிரஃபிக்' அட்டையில் வந்த பச்சை விழிகள் கொண்ட ஆப்கன் சிறுமியின் படத்தைப் பார்க்காதவர்கள் குறைவு. 2002-இல் அவரைத் தேடிக் கண்டுபிடிக்கும்வரை உலகத்துக்கு அவர் பெயர் தெரியாது; அவரும் தன் படத்தைப் பார்த்ததே இல்லை. பதினேழு ஆண்டுகள் அந்த முகம் அவரைத் தவிர எல்லோருக்கும் சொந்தமாக இருந்தது. உங்களிடம் வந்து நீக்கச் சொல்லும் வாய்ப்பாவது இந்தப் பெண்மணிக்குக் கிடைத்திருக்கிறது.

கேள்வி: எனக்கு அவர்களுடைய மொழி தெரியாது. நல்ல மொழிபெயர்ப்பாளரைத் தேர்ந்தெடுக்க எதைப் பார்க்க வேண்டும்? (ஒளிப்பதிவாளர்)

பதில்: மொழித்திறனுக்கு முன்னால் அவர் யார் என்பதைப் பாருங்கள். ஒரே மொழி பேசுவதால் இருவரும் ஒரே தரப்பினர் ஆகிவிடுவதில்லை. போரில் எதிரணியில் இருந்த ஊரைச் சேர்ந்தவராக இருந்தால், பேசுபவர் பாதியை விழுங்கிவிடுவார். மிக நெருங்கிய சமூகத்தவராக இருந்தால், செய்தி உறவினர் காதுக்குப் போய்விடுமோ என்று அஞ்சுவார். பாலியல் வன்முறை குறித்த பேச்சு வரக்கூடும் என்றால் பெண் மொழிபெயர்ப்பாளர் வேண்டுமா என்று பேசவிருப்பவரிடமே கேளுங்கள். குடும்பத்துப் பிள்ளையை மொழிபெயர்ப்பாளராக ஒருபோதும் உட்காரவைக்காதீர்கள். தாய் தன்னிடமிருந்து இத்தனை ஆண்டுகள் மறைத்ததை அந்தப் பிள்ளை தன் வாயாலேயே சொல்ல நேரும்.

மொழிபெயர்ப்பாளர் "அழுதார்கள் என்று அவர் சொல்கிறார்" எனச் சுருக்கக் கூடாது. "நாங்கள் அழுதோம்" என்று தன்னிலையிலேயே பெயர்க்க வேண்டும். பதிவான முழு உரையாடலையும் பின்னர் வேறொருவரைக் கொண்டு எழுத்தில் பெயர்க்கச் சொல்லுங்கள். படப்பிடிப்பில் ஒரு வரியாகச் சுருங்கிய இடத்தில் ஐந்து நிமிடப் பேச்சு இருந்ததை அப்போதுதான் கண்டுபிடிப்பீர்கள். அந்த மொழிபெயர்ப்பாளரும் ஓர் அகதியாக இருக்கலாம் என்பதையும், பிறருடைய இழப்பைத் தன்னிலையில் நாள் முழுவதும் சொல்வது அவரை என்ன செய்யும் என்பதையும் கணக்கில் வையுங்கள். அவருக்கு ஓய்வும் உரிய ஊதியமும் தலைப்பு அட்டையில் பெயரும் கொடுங்கள். பெயர் வேண்டாம் என்றால் விட்டுவிடுங்கள்.

கேள்வி: கடலில் கவிழ்ந்த படகுகளையும் உடல்களையும் காட்டினால்தானே உலகம் கண் திறக்கும்? மென்மையாகக் காட்டுவது உண்மையை மறைப்பதாகாதா? (கல்லூரி ஆசிரியர்)

பதில்: உங்கள் கோபத்தில் எனக்கும் பங்கு உண்டு. ஆனால் நடந்ததைப் பார்ப்போம். 2015 செப்டம்பரில் துருக்கிக் கடற்கரையில் ஒதுங்கிய ஆலன் குர்தி என்ற சிறுவனின் படம் உலகையே உலுக்கியது. சிரிய அகதிகளுக்கான நன்கொடை பல மடங்கு உயர்ந்ததும், சில வாரங்களில் அந்த அலை அடங்கிவிட்டதும் பின்னர் ஆய்வுகளில் பதிவாகியிருக்கிறது. அதிர்ச்சி கண்ணைத் திறக்கும்; திறந்த கண்ணுக்குப் புரிந்துகொள்ள ஏதாவது கொடுக்காவிட்டால் அது மூடிக்கொள்ளும்.

இன்னொன்றும் உண்டு. படகுக் காட்சியையே திரும்பத் திரும்பக் காட்டியதால், அகதிகள் எல்லோரும் பணக்கார நாடுகளை நோக்கி வருகிறார்கள் என்ற பொய் பலர் மனதில் பதிந்துவிட்டது. ஐ.நா. அகதிகள் ஆணையத்தின் கணக்குப்படி 2024 முடிவில் கட்டாயமாக இடம்பெயர்ந்திருந்தவர்கள் 12 கோடியே 32 லட்சம் பேர். அவர்களில் 7 கோடியே 35 லட்சம் பேர் சொந்த நாட்டின் எல்லையைக் கடக்கவே இல்லை. 1951 அகதிகள் உடன்படிக்கையின் பாதுகாப்புக்கூட இவர்களுக்கு இல்லை, ஏனென்றால் அந்த உடன்படிக்கையின்படி நாட்டுக்கு வெளியே இருப்பவர்தான் அகதி. எல்லை கடந்தவர்களிலும் சுமார் மூன்றில் இரண்டு பங்கினர் அண்டை நாடுகளிலேயே தங்கியிருக்கிறார்கள். எல்லையைத் தாண்டாமல் உறவினர் வீட்டின் பின்னறையில் ஆண்டுக்கணக்காக முடங்கிக் கிடப்பவரின் வாழ்க்கையைக் காட்டும் படத்துக்கு அலைகளின் நாடகம் வாய்க்காது. இருந்தாலும் அது பெரும்பான்மையோரின் உண்மைக்கு நெருக்கமானது, நான் பார்க்க விரும்பும் படமும் அதுதான். உடலைக் காட்டுவதானால் ஒரு சோதனை போதும்: உங்கள் சொந்தக் குடும்பத்தவரின் உடலாக இருந்தால் இந்தக் கோணத்தில், இவ்வளவு நேரம் காட்டுவீர்களா?

கேள்வி: நடந்ததற்குக் காட்சிப் பதிவுகள் எதுவும் இல்லை. பாதிக்கப்பட்டவர்களையே வைத்து அந்தச் சம்பவத்தை நடித்துக்காட்டச் சொல்லலாமா? (குறும்பட இயக்குநர்)

பதில்: வேண்டாம். உடல் அதை நடிப்பாக எடுத்துக்கொள்ளும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. பதிவுகள் இல்லாத இடத்தில் என்ன செய்யலாம் என்பதற்குக் கம்போடிய இயக்குநர் ரித்தி பன்னின் 'தி மிஸ்ஸிங் பிக்சர்' (2013) ஒரு பெரிய பாடம். 1975 ஏப்ரலில் கம்போடியாவின் ஆட்சியைக் கைப்பற்றிய கெமர் ரூஜ் படையினர் தலைநகர் புனோம் பென்னையே காலிசெய்து மக்களைக் கிராமங்களுக்கு விரட்டியபோது அவர் சிறுவன். அந்த ஆண்டுகளில் பெற்றோரை இழந்தவர். எஞ்சியிருந்த காட்சிப் பதிவுகள் ஆட்சியாளர்களின் பிரசாரத்துக்காக எடுக்கப்பட்டவை. எனவே களிமண்ணில் செதுக்கி வண்ணம் தீட்டிய சிறு பொம்மைகளைக் கொண்டு தன் வீட்டையும் தந்தையையும் வயல்களில் பட்டினி கிடந்தவர்களையும் மீட்டெடுத்தார். பொம்மைகள் அசையவே இல்லை. கேமராதான் அவற்றின் இடையே நகர்கிறது. வரைபடம், வெறும் அறை, கையால் வரைந்த வீட்டுத் திட்டம், ஒலி மட்டும் என உங்களுக்கும் ஒரு வழி அகப்படும்.

கேள்வி: அகதிகளே கைப்பேசியில் எடுத்த காட்சிகளைப் படத்தில் பயன்படுத்தலாமா? (பெயர் வெளியிட விரும்பாத வாசகர்)

பதில்: தாராளமாக, அவர்களையும் படைப்பாளிகளாக நடத்துவதாக இருந்தால். எடுத்தவரின் பெயர், அவருக்குரிய தொகை, எங்கெல்லாம் திரையிடப்படும் என்ற விவரம் ஆகியவை எழுத்தில் இருக்கட்டும். கோப்பில் பதிந்திருக்கும் இடக்குறிப்பை அழித்துவிடுங்கள்.

ஆப்கன் இயக்குநர் ஹசன் ஃபாசிலி, தாலிபான்கள் தன் தலைக்கு விலை வைத்ததால் மனைவியோடும் இரண்டு மகள்களோடும் ஐரோப்பாவை நோக்கித் தப்பியோடிய பயணத்தை மூன்று கைப்பேசிகளில் பதிவு செய்தார். அதுவே 'மிட்நைட் டிராவலர்' (2019). மகளைக் காணாமல் தேடிய ஒரு பொழுதில், அதையும் ஒரு காட்சியாக எண்ணிய தன் மனத்தை எண்ணி அவர் அருவருப்படைந்ததைப் படத்திலேயே ஒப்புக்கொள்கிறார். தன் சொந்தப் பிள்ளையைத் தேடும் தந்தைக்கே அந்த எண்ணம் வந்ததென்றால், வெளியிலிருந்து வரும் நமக்கு எவ்வளவு எளிதாக வரும் என்பதைப் படப்பிடிப்புக் குழுவினர் எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்து பேச வேண்டும்.

கேள்வி: நான் படத்தொகுப்பாளர். சில மாதங்களாக இத்தகைய நேர்காணல்களையே கேட்டுக்கொண்டிருக்கிறேன். எனக்கு நேராத துன்பம் என்னை ஏன் இப்படித் தொந்தரவு செய்கிறது? (ஒரு வாசகி)

பதில்: பிறர் துன்பத்தை நாள்தோறும் விவரமாகக் கேட்பவர்களுக்கு, செவிலியருக்கும் சமூகப் பணியாளருக்கும் நேர்வதைப் போலவே, அதன் சுமை ஏறத்தான் செய்யும். நீங்கள் களத்தில் இருந்ததில்லை என்பதால் வருந்த உங்களுக்கு உரிமையில்லை என்று நினைக்காதீர்கள். களத்தில் இருந்தவர் ஒருமுறை கேட்டதை நீங்கள் நாற்பது முறை கேட்கிறீர்கள். வெட்டு எங்கே வர வேண்டும் என்று தேடும்போது ஒலியை அணைத்துவிடுங்கள், படத்தைவிடக் குரலே ஆழமாக இறங்கும். கடினமான பகுதிகளைக் காலையில் செய்து, மாலையில் வேறு வேலைக்கு மாறுங்கள். தூக்கம் பல வாரங்களாகக் கெட்டிருந்தால் தயங்காமல் மருத்துவரைப் பாருங்கள். உங்கள் இயக்குநரிடமும் இதைச் சொல்லுங்கள். தொகுப்புக்கான கால அட்டவணையை அவர்தான் தளர்த்த வேண்டும்.

கேள்வி: முகாமில் உள்ள குழந்தைகளைப் படம் எடுக்கலாமா? அவர்களே ஓடிவந்து கேமரா முன் நிற்கிறார்கள். (மாணவர்)

பதில்: கேமரா முன் ஓடிவருவது ஒப்புதல் ஆகாது. பெற்றோர் அல்லது பொறுப்பாளரின் அனுமதியோடு குழந்தையின் விருப்பமும் வேண்டும், இரண்டில் ஒன்று இல்லாவிட்டாலும் எடுக்காதீர்கள். யாருடைய துணையும் இல்லாமல் வந்த குழந்தையின் முகத்தை எந்தக் காரணத்துக்காகவும் காட்டக் கூடாது. விளையாட்டையும் படிப்பையும் படம் எடுக்கலாம். பார்த்த கொடுமையை வரையச் சொல்லி அந்தத் தாளை கேமரா முன் பிடிக்கச் சொல்லும் வழக்கம் பல படங்களில் இருக்கிறது. அதை விட்டொழிக்க வேண்டும். குழந்தை தானாக வரைந்து காட்டினால், கேமராவைக் கீழே வைத்துவிட்டு அந்த ஓவியத்தைப் பாருங்கள், அதைப் பற்றி அது என்ன சொல்கிறதோ அதைக் கேளுங்கள், தாளை அதனிடமே திரும்பக் கொடுங்கள்.